வலிக்காத கால்

போன வாரம் ஓ.பி.யில் ஒரு ஐயா. பதினைந்து வருஷமா சுகர். மாத்திரை வாங்கத்தான் வந்திருந்தார். காலைப் பார்க்கணும், செருப்பைக் கழட்டுங்கன்னேன். செருப்பைத் துளைத்துக்கொண்டு ஒரு ஆணி, பாதத்தில் சீழ். அதோடவே ரெண்டு நாள் நடந்திருக்கார். வலிக்கவே இல்லையாம்.

இந்த 'வலிக்காத கால்' பற்றி இன்று நமக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி வேலூரில் தொடங்கியது. அதுவும் சுகர் நோயாளிகளிடம் இல்லை, தொழுநோயாளிகளிடம்.

பால் பிராண்ட். 1914ல் நம்ம கொல்லிமலையில் பிறந்த ஆங்கிலேயர். சர்ஜன் ஆகி 1946ல் வேலூர் சி.எம்.சி.க்கு வந்தார். மறுவருஷம் செங்கல்பட்டு பக்கம் திருமணி தொழுநோய் மருத்துவமனைக்குப் போனவரை, அங்கே பார்த்த கை கால்கள் விடவே இல்லை. தொழுநோய் வந்தா சதை தானா அழுகி விரல் உதிரும்னுதான் அப்போ டாக்டர்களே நம்பினாங்க.

பிராண்டின் குழு ஒவ்வொரு புண்ணும் எப்படி வந்ததுன்னு துருவிப் பார்த்தது. கிருமி கெடுப்பது நரம்பை. வலி போயிடுது. மீதியை முள்ளும் கல்லும் சூடும் செய்யுது.

முள்கூட வேண்டாம், வெறும் நடையே போதும். நீங்களும் நானும் ரொம்ப தூரம் நடந்தா, நமக்கே தெரியாம எடையை மாற்றி மாற்றி வைப்போம். உணர்ச்சி இல்லாத கால் அப்படி மாற்றாது. ஒவ்வொரு அடியும் அதே இடத்தில் விழும். அந்த இடம் முதலில் சுடும், பிறகு உடையும்.

அப்போ மருந்து எது? செருப்பு! பலதையும் சோதித்து, நுண்ணிய காற்றறைகள் கொண்ட மெத்தென்ற ரப்பருக்கு வந்தாங்க. அதுதான் எம்.சி.ஆர். செருப்பு. கொடுமை என்னன்னா, செருப்பைப் பார்த்தே ஊர் கண்டுபிடிச்சிடும்னு பலர் போட மறுத்தாங்க.

1966ல் பிராண்ட் அமெரிக்காவின் கார்வில் தொழுநோய் மருத்துவமனைக்குப் போனார். வேலூர்ப் பாடம் அங்கிருந்துதான் சுகர் கால்களுக்கும் பரவியது.

வீட்டில் சுகர் இருக்கிறவங்க இருந்தா, இன்னைக்கு ராத்திரியே உள்ளங்காலைப் பாருங்க. விரல் இடுக்கையும் சேர்த்து. ஒரு இடம் மட்டும் சூடா இருந்தா டாக்டரிடம் காட்டுங்க.

ஐயாவுக்குப் புண் ஆறிட்டு வருது. வீட்டுக்குள்ளேயும் செருப்பு போடச் சொன்னேன். "சாமி ரூம் இருக்கே டாக்டர்" என்றார். வீட்டுக்குன்னு தனியா ஒரு ஜோடி வெச்சுக்கோங்கன்னேன். சம்சாரத்தைக் கேட்டுச் சொல்றாராம்.