புல்லட் ஊரில் ஒரு சின்ன வண்டி

திருவொற்றியூர் என்றதும் வெளியூர்க்காரர்கள் புல்லட்டைத்தான் விசாரிப்பார்கள். நியாயம்தான், 1955இல் தொடங்கிய என்ஃபீல்டு இந்தியா கம்பெனிக்கு எங்கள் ஊர்தான் வீடு. ஆனால் எங்கள் அத்தை ஓட்டியது அதே கம்பெனியின் சில்வர் பிளஸ். ஜெர்மனியின் சுண்டாப் நுட்பத்தில் எண்பதுகளில் வந்த 50 சிசி வண்டி. முழங்கால்களுக்கு நடுவே டேங்க் கிடையாது. புடவையோடு ஏறி உட்காரலாம். 1958இல் ஹோண்டா சூப்பர் கப் காட்டிய வழி அது. தென்கிழக்கு ஆசிய நகரங்கள் அந்த வடிவத்தை இன்றும் விடவில்லை.

இங்கே மட்டும் ஏன் நிலைக்கவில்லை? சுண்டாப் 1984இல் திவாலானது ஒரு பக்கம். என் கணக்கில் பெரிய காரணம் ஓசூரிலிருந்து 1980இல் வந்த டிவிஎஸ் 50. கியர் இல்லை, விலை குறைவு, இருவர் போகலாம். காசிமேட்டு மீன்காரருக்கு அழகா முக்கியம்? முன்னால் ஒரு கூடை, பின்னால் ஐஸ் பெட்டி, ஓரத்தில் தராசு. வண்டியே கண்ணுக்குத் தெரியாது, சரக்குதான் நகரும். 2015இல் அதன் வாரிசான எக்ஸ்எல் 100க்கு நான்கு ஸ்ட்ரோக் எஞ்சின் வந்தது. மீன் கூடை மட்டும் பழையபடியே ஏறுகிறது.