சரபோஜிக்குள் ஒரு ஷரீஃப்

பையனின் வகுப்பில் ஷரீஃப் என்று ஒருவன். "அதெல்லாம் நம்ம பேர் இல்லப்பா" என்றான் போன வாரம். சுருக்கென்றது. புனேயில் நம் பெயர்களும்தான் யாருக்கும் வாயில் நுழைவதில்லை!

ஞாயிறன்று லால் மஹாலுக்குக் கூட்டிப்போய்க் கதை சொன்னேன்.

சிவாஜியின் தாத்தா மாலோஜிக்குப் பிள்ளையில்லை. அகமதுநகரில் (இன்றைய அகில்யாநகர்) ஷா ஷரீஃப் என்ற சூஃபியின் தர்காவில் வேண்டிக்கொள்ள, இரண்டு ஆண்பிள்ளைகள் பிறந்தார்களாம். அவர் பெயரையே பிரித்து வைத்தார்கள்: ஷாஹாஜி, ஷரீஃப்ஜி. 'ஷா' பாரசீகம், அரசன். 'ஷரீஃப்' அரபி, மேன்மையானவன். அஷ்ரஃப், முஷாரஃப் எல்லாம் அதே வேர்தான். ஷரீஃப்ஜி 1624-ல் பாத்வடிப் போரில் இறந்தார்.

ஷாஹாஜியின் மகன் ஏகோஜிதான் தஞ்சாவூரில் மராட்டிய ஆட்சியைத் தொடங்கியவர். அவர் தன் பிள்ளைகளுக்கு வைத்த பெயர்களைப் பாருங்கள்: ஷாஹாஜி, சரபோஜி, துக்கோஜி. முதலாமவன் தாத்தா பெயர். அடுத்தவன் சின்னத்தாத்தா பெயர். ஷரீஃப்ஜி, ஷரஃபோஜியாகி, நம் நாக்கில் சரபோஜி ஆனது. புலவர்கள் அதில் சரபப் பறவையைப் பார்த்து 'சரபேந்திரர்' என்றும் பாடினார்கள்.

1798 முதல் 1832 வரை ஆண்டு, சரஸ்வதி மகாலை வளர்த்த இரண்டாம் சரபோஜிக்கும் இதே பெயர்தான். நானும் மன்னர் சரபோஜி கல்லூரியில் படித்தவன்தானே!

"அப்போ உன் காலேஜ் பேரும் ஷரீஃபாப்பா?" என்றான்.

ஆமாண்டா என்றேன். அடுத்த ஞாயிறு அவன் நம் வீட்டுக்கு இட்லி சாப்பிட வருகிறான்.