கூட்டம் கலைத்தலும் நம் வட்டாரம் கண்ட வரலாறும்

மக்கள் ஒன்றுகூடித் தம் குறையை எடுத்துரைத்தல் குற்றமன்று. எனினும், அவ்வாறு கூடியோரை ஆட்சியாளர் எவ்வாறு நடத்தினர் என்பதற்குத் தொலைவில் சான்று தேட வேண்டுவதில்லை. நமது தருவைகுளத்திற்குத் தெற்கேயுள்ள தூத்துக்குடியே போதும்.

1908-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் கோரல் மில் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தனர். வ. உ. சிதம்பரனார், சுப்பிரமணிய சிவா ஆகியோர் துணைநிற்க, வெற்றியும் கண்டனர். மார்ச் 12-இல் அத்தலைவர்கள் கைது செய்யப்பட்டனர். மறுநாள் திருநெல்வேலியில் மக்கள் கொதித்தெழ, துப்பாக்கிச் சூட்டில் நால்வர் மாண்டனர். பின்னர் இரு நகரங்களிலும் தண்டக் காவற்படை நிறுத்தப்பட்டது. அதன் செலவு நகர மக்கள் மீதே வரியாகச் சுமத்தப்பட்டது. குற்றம் புரிந்தவர் எவரென ஆராயாது ஊரையே தண்டிப்பது இம்முறையின் உட்கருத்தாகும்.

வெள்ளையர் சென்றனர், அக்கருத்துச் செல்லவில்லை. 31-8-1995 அன்று கொடியங்குளத்தில் பெருங்காவற்படை புகுந்தது. ஒடுக்கப்பட்ட மக்களின் வீடுகளும் உடைமைகளும் அழிக்கப்பட்டன.

23-7-1999 அன்று மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளருக்காக நெல்லையில் ஆட்சியர் அலுவலகம் நோக்கிப் பேரணி சென்றது. ஒருபுறம் தடியடி, மறுபுறம் தாமிரபரணி. உயிர் தப்ப ஆற்றில் இறங்கியோர் பலர் மூழ்கினர். குழந்தை ஒன்று உட்பட 17 பேர் மாண்டனர். விலகிச் செல்ல வழி விடாமல் விரட்டுவது கலைத்தலாகுமா?

22-5-2018 அன்று, ஸ்டெர்லைட் எதிர்ப்புப் போராட்டத்தின் 100-ஆம் நாளில், தூத்துக்குடியில் காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் பலர் உயிரிழந்தனர். நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையம் 2022-இல் அளித்த அறிக்கை காவல்துறையின் செயலைக் கண்டித்தது.

சட்டம் கூறும் முறையோ வேறு. முதலில் கலைந்து செல்லுமாறு ஆணையிடல் வேண்டும். அதற்குப் பணியாவிடில் தேவையான அளவே பலம் பயன்படுத்தல் வேண்டும். துப்பாக்கி இறுதி வழியே. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 129, 144 ஆகிய பிரிவுகள், 1-7-2024 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 148, 163 என எண் மாறின, அடிப்படை மாறவில்லை.

இளைஞர்களே! ஆணை முறைப்படி பிறந்ததா, எச்சரிக்கை மக்கள் செவியில் விழுந்ததா, விலகிச் செல்ல வழி இருந்ததா என்று கேட்கும் துணிவைக் கல்வி தரும். மனு எழுதவும், விசாரணை ஆணையத்தின் முன் அஞ்சாது சாட்சியம் கூறவும் அதுவே துணை. வழக்கறிஞராகவும் நீதிபதியாகவும் மட்டுமன்றி, நேர்மையான காவல் அதிகாரிகளாகவும் நம்மவர் உயர வேண்டும். தடியைக் கையில் ஏந்துபவர் எதிரே நிற்பவரையும் குடிமகனாகக் காணும் நாளே இவ்வரலாறு திருந்தும் நாள். வெள்ளி விழாக் காணும் நம் சங்கத்தின் அடுத்த 25 ஆண்டுப் பணி இதுவாக அமைக.