யாழ்ப்பாணப் பத்திரிகைகளும் கிளர்ச்சிக் காலச் செய்திகளும்

யாழ்ப்பாணக் குடாநாட்டில் நடந்த போராட்டங்களும் வன்செயல்களும் நாளேடுகளில் பதிவான முறையின் வரலாறு இது. செய்தி எங்கிருந்து திரட்டப்பட்டது, அதைத் தடுக்கும் அதிகாரம் அன்று யார் கையில் இருந்தது ஆகிய இரண்டுமே செய்தியின் உருவத்தைத் தீர்மானித்தன.

தொடக்கம்

குடாநாட்டு இதழியல் 1841இல் அமெரிக்க மிஷன் தொடங்கிய உதயதாரகையிலிருந்து வளர்ந்தது. 1959இல் தொடங்கிய ஈழநாடு 1961இல் நாளேடானது. அதே ஆண்டு பெப்ரவரி 20இல் யாழ். கச்சேரி வாசலில் தமிழரசுக் கட்சியின் சத்தியாக்கிரகம் ஆரம்பமானது. குடாநாட்டு மக்கள் தம் ஊர்ப் போராட்டத்தைப் பெரும்பாலும் கொழும்பு ஏடுகள் வழியாக அறியும் நிலை அத்துடன் மாறத் தொடங்கியது.

1981, 1983

மாவட்ட அபிவிருத்திச் சபைத் தேர்தலை ஒட்டி 1981 மே 31இல் வெடித்த பொலிஸ் வன்செயலில் யாழ். பொது நூலகம் எரிக்கப்பட்டது. ஈழநாடு அலுவலகமும் எரிந்தது. செய்தியைச் சொல்ல வேண்டிய ஏடே அன்று செய்தியாகிவிட்டது.

1982இல் எஸ். சிவநாயகத்தை ஆசிரியராகக் கொண்டு யாழ்ப்பாணத்தில் தொடங்கப்பட்ட ஆங்கில வார ஏடு சற்றடே ரிவியூ. அது 1983 ஜூலைத் தொடக்கத்தில் தடை செய்யப்பட்டது. அம்மாதம் 23ஆம் திகதி யாழ்ப்பாணத் திருநெல்வேலியில் 13 இராணுவத்தினர் கொல்லப்பட்ட செய்தி நாடெங்கும் பரவியது. பதிலடியாகக் குடாநாட்டில் சுமார் 50 பொதுமக்கள் சுட்டுக்கொல்லப்பட்டதோ தணிக்கைக்குள் அடங்கிப்போனது. தென்னிலங்கை வாசகர் கண்டது பாதி நிகழ்வை மட்டுமே.

போர்க்காலம்

1985 நவம்பரில் உதயன் நாளேடு வெளிவரத் தொடங்கியது. 1987 ஒக்ரோபரில் இந்திய அமைதிப்படை ஈழமுரசு, முரசொலி ஆகிய பத்திரிகைகளின் அச்சகங்களைத் தகர்த்தது. 1990 முதல் 1995 வரை குடாநாட்டை ஆண்ட விடுதலைப் புலிகளை விமர்சிக்கும் செய்திக்கும் அங்கு இடமிருக்கவில்லை. அரசின் பொருளாதாரத் தடையால் அச்சுத்தாள் கிடைக்காதபோது கோடுபோட்ட கொப்பித் தாளிலும் பத்திரிகை அச்சாகியது.

2000 ஒக்ரோபர் 19இல் செய்தியாளர் மயில்வாகனம் நிமலராஜன் ஊரடங்கு வேளையில் தம் வீட்டிலேயே கொல்லப்பட்டார். 2006 மே 2இல், உலகப் பத்திரிகைச் சுதந்திர தினத்துக்கு முதல்நாள், உதயன் அலுவலகத்துள் ஆயுததாரிகள் புகுந்து ஊழியர் இருவரைச் சுட்டுக்கொன்றனர். போர் முடிந்த பின்னரும், 2013 ஏப்ரலில், அதன் அச்சகம் தாக்கப்பட்டது.

மதிப்பீடு

இக்காலப் பத்திரிகைகளை வரலாற்றுச் சான்றாகக் கொள்வோர், அச்சில் வந்ததோடு அன்று அச்சேற விடப்படாததையும் சேர்த்தே ஆராய வேண்டும். அரசு, இந்தியப் படை, விடுதலைப் புலிகள் ஆகிய எல்லாத் தரப்பின் தடைகளையும் ஒரே அளவுகோலால் அளந்தால்தான் இறந்தவர்களுக்கு நீதியான பதிவு கிடைக்கும்.