யாழ்ப்பாணம் வாக்களிக்காத ஆண்டு

இலங்கைச் சரித்திரத்திலே 1931ஆம் ஆண்டு சர்வசன வாக்குரிமையின் ஆண்டாகப் போற்றப்படுகின்றது. இருபத்தொரு வயது நிரம்பிய ஆண், பெண் இருபாலாரும் கல்வியோ சொத்தோ கருதப்படாது வாக்களிக்கும் உரிமையை அவ்வாண்டில் இத்தீவு பெற்றது. ஆசியாக் கண்டத்தில் அவ்வுரிமையைக் கண்ட முதல் நாடுகளுள் ஒன்று என்னும் பெருமை இலங்கைக்கு உண்டு. ஆயினும், அந்த ஆண்டு யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஒரு வாக்குப் பெட்டிதானும் திறக்கப்படவில்லை.

இதன் காரணத்தை அறிய வேண்டுமாயின் சில ஆண்டுகள் பின்னோக்கிச் செல்லுதல் வேண்டும். 1924ஆம் ஆண்டில் மாணவர் காங்கிரஸ் என்னும் பெயருடன் யாழ்ப்பாணத்தில் ஓர் இயக்கம் தோன்றிற்று. பின்னர் அதுவே வாலிபர் காங்கிரஸ் எனப் பெயர் பெற்றது. ஹன்டி பேரின்பநாயகம், ஒறேற்றர் சுப்பிரமணியம் முதலிய ஆசிரியர்கள் அதன் தூண்களாக விளங்கினர். சைவரும் கிறிஸ்தவரும் அங்கே ஒன்று கூடினர். தாய்மொழிக் கல்வி, சுதேசிய உடை, சாதி பேதம் பாராட்டாத சமபந்தி போசனம் ஆகியவற்றை அவர்கள் வற்புறுத்தினர். 1927ஆம் ஆண்டில் காந்தியடிகள் யாழ்ப்பாணத்துக்கு வந்ததும் அவர்களுடைய முயற்சியாலேயே.

காந்தியடிகள் வந்து சென்ற அதே மாதத்தில் டொனமூர் ஆணைக் குழுவினர் கொழும்பை அடைந்தனர். அடுத்த ஆண்டு வெளிவந்த அவர்தம் அறிக்கை வாக்குரிமையைத் தாராளமாக வழங்கிற்று. அதிகாரத்தையோ அவ்வளவு தாராளமாக வழங்கவில்லை. நிதி, நீதி, பாதுகாப்பு ஆகியன மூன்று அரசாங்க உத்தியோகத்தர் கையில் இருக்கும். தேசாதிபதியின் விசேட அதிகாரம் அனைத்துக்கும் மேலாக நிற்கும். ஒரு கையால் கொடுத்து மறு கையால் பறித்த திட்டம் என்றே இதனைக் கூறலாம். 1929ஆம் ஆண்டின் இறுதியில் சட்டசபையில் 19 வாக்குகள் சார்பாகவும் 17 வாக்குகள் எதிராகவும் கிடைக்க, இது மயிரிழையில் தப்பிப் பிழைத்தது.

1931ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் வாலிபர் காங்கிரஸின் வருடாந்த மகாநாடு கூடிற்று. தலைமை தாங்க வந்தவர் இந்திய விடுதலைப் போரில் சிறை சென்ற கமலாதேவி சட்டோபாத்தியாய. பூரண சுயராச்சியமே குறிக்கோள் என்றும், அதற்குக் குறைந்த டொனமூர் திட்டத்தைப் பகிஷ்கரிப்பதே வழி என்றும் தீர்மானிக்கப்பட்டது. இந்தியாவில் காந்தி–இர்வின் உடன்படிக்கை கைச்சாத்தாகி ஒரு மாதமே ஆகியிருந்தது. பாக்கு நீரிணைக்கு அப்பால் வீசிய காற்று இப்பால் அடிக்காமல் இருக்குமா? அவ்வாண்டில் ஓய்வை நாடி இலங்கைக்கு வந்த ஜவாஹர்லால் நேருவும் யாழ்ப்பாணம் சென்றார்.

மே மாதம் 4ஆம் நாள் நியமன நாள். யாழ்ப்பாணம், ஊர்காவற்றுறை, காங்கேசன்துறை, பருத்தித்துறை ஆகிய நான்கு தொகுதிகளுக்கும் ஒரு நியமனப் பத்திரமேனும் தாக்கல் செய்யப்படவில்லை. போட்டியிட எண்ணியிருந்த முதியோரும் வாலிபரின் வேண்டுகோளுக்கு இணங்கி ஒதுங்கினர். லண்டனில் இருந்த பிலிப் குணவர்த்தனா இச்செயலைப் பாராட்டினார். தென்னிலங்கையும் தொடர்ந்து வரும் என்பதே வாலிபரின் நம்பிக்கை. அந்த நம்பிக்கை பொய்த்தது. ஜூன் மாதத்தில் ஏனைய இடங்களில் தேர்தல் வழமைபோல் நடைபெற்றது.

ஒதுங்கியோர் அனைவரும் சுயராச்சிய வேட்கையினால்தான் ஒதுங்கினர் என்று கொள்வதும் பொருந்தாது. சாதி, சொத்து என்னும் வேலிகளை அகற்றிய வாக்குரிமையை யாழ்ப்பாணத்துப் பெரியோர் பலர் விரும்பவில்லை. 1930இல் காலமான சேர் பொன்னம்பலம் இராமநாதனே அதனை வன்மையாக எதிர்த்தவர். உதவி நன்கொடை பெறும் பாடசாலைகளில் எல்லாச் சாதிப் பிள்ளைகளுக்கும் சம ஆசனம் வழங்கவேண்டும் என்ற உத்தரவு குடாநாட்டில் கலகத்தை விளைத்த காலமும் அதுவே. டொனமூர் திட்டம் போதாது என வாலிபர் வெறுத்தனர். அது மிகுதி என வேறு சிலர் வெறுத்தனர். இருசாராரும் ஒரே கதவை அடைத்து நின்றமை விந்தையே. சமத்துவத்துக்காகக் குரல் கொடுத்த வாலிபரின் பகிஷ்காரத்தினாலேயே, ஒடுக்கப்பட்ட மக்களும் பெண்களும் தம் முதல் வாக்கை அளிக்கும் நாள் பின்போடப்பட்டது.

ஜூலை மாதம் அரசாங்க சபை கூடியபோது, தேர்ந்தெடுக்கப்பட வேண்டிய 50 ஆசனங்களுள் நான்கு வெறுமையாய்க் கிடந்தன. ஏழு நிர்வாகக் குழுக்களின் தலைவர்களே அமைச்சர்களாயினர். அவர்களுள் ஐவர் சிங்களவர். ஏனைய இருவர் முஸ்லிமாகிய மாக்கான் மாக்காரும், மலையகத் தமிழர் பெரி சுந்தரமும் ஆவர். இலங்கைத் தமிழர் ஒருவரும் இடம்பெறவில்லை. கன்னங்கராவின் கையில் கல்வியும், டி. எஸ். சேனாநாயக்காவின் கையில் விவசாயமும் காணியும் சென்றன. பின்வந்த ஆண்டுகளில் தமிழர் மிகுதியாக வாதாடிய விடயங்கள் இவையே.

குடாநாட்டில் மனமாற்றம் விரைவிலேயே தொடங்கிற்று. ஆசனங்களை நிரப்ப வேண்டும் என்ற கோரிக்கை வளர்ந்தது. மூன்று ஆண்டுகள் கழிந்து, 1934ஆம் ஆண்டில் இடைத்தேர்தல்கள் நடைபெற்றன. யாழ்ப்பாணத்தில் அருணாசலம் மகாதேவாவும், ஊர்காவற்றுறையில் நெவின்ஸ் செல்வதுரையும், காங்கேசன்துறையில் சு. நடேசனும், பருத்தித்துறையில் ஜீ. ஜீ. பொன்னம்பலமும் வெற்றி பெற்றனர். 1931இல் குடாநாட்டுக்கு வெளியே மன்னார்–முல்லைத்தீவுத் தொகுதியில் போட்டியிட்டுத் தோல்வியுற்றவர் பொன்னம்பலம். சபையில் ஐம்பதுக்கு ஐம்பது என்னும் சமபல பிரதிநிதித்துவக் கோரிக்கையை அவர் பிற்காலத்தில் எழுப்பினார். பூரண சுயராச்சியம் பேசிய வாலிபர் காங்கிரஸின் குரல் அப்போது தணிந்துபோயிருந்தது.