பெரும்பாக்கம்: குடும்பமும் பராமரிப்பும்

பெரும்பாக்கம், செங்கல்பட்டு மாவட்டத்தில் தாம்பரத்துக்குக் கிழக்கே, மேடவாக்கத்தையும் சோழிங்கநல்லூரையும் இணைக்கும் சாலையில் பள்ளிக்கரணைச் சதுப்புநிலத்தை ஒட்டி இருக்கும் ஊர். தமிழறிஞர்களுக்கு இது செம்மொழித் தமிழாய்வு மத்திய நிறுவனம் இருக்கும் இடம். 2022 ஜனவரியில் அதன் புதிய வளாகம் இங்கே திறக்கப்பட்டது. சென்னையின் ஏழை மக்களுக்கோ இது குடிசை மாற்று வாரியத்தின் 'போர்டு வீடு' கிடைத்த இடம், அல்லது அனுப்பப்பட்ட இடம். நகரின் ஆற்றங்கரைகளிலிருந்து வந்த குடும்பங்கள் இங்கே எப்படி மாறின, பிள்ளையையும் முதியவரையும் பார்த்துக்கொள்ளும் வேலை யார் கைக்குப் போனது என்பதை இக்கட்டுரை சொல்கிறது.

ஏரிப் பாசனத்தில் நெல் விளைந்த கிராமமாக இருந்தவரை, பெரும்பாக்கத்துக் குடும்ப முறை தொண்டை நாட்டு மற்ற ஊர்களைப் போன்றதே. ஏர் ஆணுக்கு, நடவும் களையும் பெண்ணுக்கு, கூலி இருவருக்கும் வேறு வேறு. கைக்குழந்தை வரப்போர மரத்தின் தூளியில் தூங்கும். 2000-ல் தரமணியில் டைடல் பூங்கா திறந்து பழைய மகாபலிபுரம் சாலை கணினி நிறுவனங்களின் சாலையானதும் சுற்றுவட்டார வயல்கள் மனைகளாயின. அதன் பிறகு தூளி கட்ட மரமும் இல்லை, இறங்கி வேலை செய்ய வயலும் இல்லை.

இந்த மாவட்டத்தின் தலைநகரான செங்கல்பட்டில்தான் 1929 பிப்ரவரியில் முதல் சுயமரியாதை மாகாண மாநாடு நடந்தது. பெண்ணுக்குச் சொத்தில் சம உரிமை வேண்டும் என்று அங்கே தீர்மானம் போட்டார்கள். அது தமிழ்நாட்டில் சட்டமாக அறுபது ஆண்டுகள் ஆயின. 1989-ல்தான் இந்து வாரிசுரிமைச் சட்டம் இங்கே திருத்தப்பட்டது. ஆனால் பங்கு பிரிக்க ஏதும் இல்லாத வீட்டில் அந்தச் சட்டத்துக்கு என்ன வேலை? கூவம் ஆற்றங்கரைக் குடும்பங்களில் பெண் பெயருக்கு வந்த முதல் சொத்துக் காகிதம் பெரும்பாலும் வாரியத்தின் ஒதுக்கீட்டு ஆணைதான். கூடவே நகரிலிருந்து நெடுந்தூரமும் வந்தது.

தமிழ்நாடு குடிசை மாற்று வாரியம் 1970-ல் தொடங்கப்பட்டது. 2021-ல் அதன் பெயர் நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என்றானது. முதல் பத்தாண்டுகளில் அது குடிசைகள் இருந்த இடத்திலேயே மாடி வீடுகளை எழுப்பியது. ஏழு, எட்டுத் தெருக்கள் தள்ளி வேலை, அதே பள்ளி, அதே கோயில். கூரை மட்டும் மாறியது. 2000-ஐ ஒட்டி இந்த வழி பின்னுக்குப் போனது. ஒக்கியம் துரைப்பாக்கத்தில் கண்ணகி நகர், பிறகு செம்மஞ்சேரி, அடுத்துப் பெரும்பாக்கம் என்று குடியிருப்புகள் நகருக்கு வெளியே போயின. 2005-ல் தொடங்கிய ஜவாஹர்லால் நேரு தேசிய நகர்ப்புறப் புனரமைப்புத் திட்டத்தின் நிதியில் பெரும்பாக்கத்தில் எட்டு அடுக்குக் கட்டடங்கள் எழுந்தன. 20,000-க்கும் மேற்பட்ட வீடுகள், ஒவ்வொன்றும் 400 சதுர அடிக்குக் குறைவு. 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு அடையாறு, கூவம் கரைகளிலிருந்து குடும்பங்கள் கூட்டம் கூட்டமாக வந்தன. கிரீம்ஸ் சாலையோரத்துத் திடீர் நகர், ரிப்பன் மாளிகைக்கு அருகே இருந்த சத்தியவாணிமுத்து நகர் ஆகியவை இங்கே இடம்பெயர்ந்த பழைய குடியிருப்புகளில் சில. சத்தியவாணிமுத்து நகர் மக்களை அப்புறப்படுத்தத் தொடங்கியது 2019 டிசம்பரில், பள்ளிக் கல்வியாண்டின் நட்டநடுவில்.

விட்டுவந்த இடத்தில் குடும்பம் எப்படி நடந்தது என்று தெரிந்தால்தான் இங்கே நடந்தது விளங்கும். திருவல்லிக்கேணியிலோ சிந்தாதிரிப்பேட்டையிலோ வீட்டு வேலை செய்யும் பெண், காலையில் இரண்டு வீட்டில் பத்துப் பாத்திரம் தேய்த்துவிட்டுப் பத்து மணிக்குத் திரும்புவார். பிள்ளைக்குச் சோறு ஊட்டி, குடத்தில் தண்ணீர் பிடித்து, மாலையில் மறுபடி போவார். நடந்து போகிற தூரம் என்பதால் வேலையைத் துண்டு போட முடிந்தது. அவர் இல்லாத நேரத்தில் பிள்ளை ஆயா வீட்டில் இருக்கும். ஆயா என்றால் சென்னையில் பாட்டி. மகளை அடுத்த தெருவில் கட்டிக்கொடுப்பார்கள், பிரசவத்துக்குக் கோஷா ஆஸ்பத்திரி, பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் எழும்பூர் குழந்தைகள் ஆஸ்பத்திரி. சம்பளம் இல்லாத, கணக்கில் வராத ஒரு பராமரிப்பு ஏற்பாடு அது. மூன்று தலைமுறையாகப் பெண்கள் பின்னிய வலை. குடிசையை எண்ணிய கணக்கெடுப்பு எதிலும் அது பதிவாகவில்லை.

பெரும்பாக்கத்தில் வீடு குலுக்கலில் விழும். எந்த பிளாக், எந்த மாடி என்பது சீட்டின் கையில். ஒரே சந்தில் இருந்த தாயும் மகளும் கட்டடங்கள் தள்ளிப் பிரிந்தார்கள். கணக்கெடுப்பில் விடுபட்ட தம்பியோ, திருமணமான மகனோ குடும்பத்தோடு வந்து அதே ஒற்றை வீட்டில் ஒண்டிக்கொண்டதும் உண்டு. ஆக, கூட்டுக் குடும்பம் ஒரு பக்கம் உடைந்தது, இன்னொரு பக்கம் வேறு வழியின்றி ஒட்டிக்கொண்டது. தனிக்குடும்பம் பெருகுகிறது என்று பொதுவாகச் சொல்லும் சமூகவியல் வாக்கியம் இந்த ஊருக்குப் பாதிதான் பொருந்தும்.

பெண்களின் வேலை நாளும் நீண்டது. பழைய முதலாளி வீட்டை விடாதவர்கள் விடியும் முன் கிளம்பி, போக வர மூன்று நான்கு மணி நேரத்தைச் சாலையில் கழித்தார்கள். நடுவில் வீடு திரும்புவது நின்றது. மற்றவர்கள் வேலையை விட்டார்கள், அல்லது சோழிங்கநல்லூர், நாவலூர்ப் பக்கம் நிறுவனங்களில் ஒப்பந்த முறையில் ஹவுஸ்கீப்பிங் வேலைக்குப் போனார்கள். அங்கே ஷிப்ட் உண்டு, அடையாள அட்டை உண்டு. பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் சொல்லாமல் ஓடிவர முடியாது. அங்கன்வாடி இரண்டு வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகளைத்தான் உட்கார வைக்கும், அதுவும் பிற்பகல் வரைதான். அதற்குக் கீழே உள்ள குழந்தையும், மாலைக்கு மேல் வரும் தாயும் அந்த நேரத்துக்குள் அடங்குவதில்லை. இந்த இடைவெளியை நிரப்புவது வீட்டின் மூத்த பெண். அவளே எட்டாவதோ ஒன்பதாவதோ படிப்பவளாக இருப்பாள். தெரியாதவர்கள் நிறைந்த கட்டடத்தில் அவளைத் தனியே விடப் பயந்து சீக்கிரமே கட்டிக்கொடுத்த குடும்பங்களும் உண்டு.

முதியவர்களின் நிலை இன்னும் நேரடியானது. குடிசையில் வாசற்படி வெளியுலகம்; ஏழாவது மாடியில் லிப்ட்தான் வாசற்படி. அது நின்றால் சர்க்கரை மாத்திரை வாங்கக்கூடக் கீழே வர ஆளில்லை.

மேடவாக்கம்–சோழிங்கநல்லூர் சாலையின் மறுபக்கத்தில், காவலாளி நிற்கும் அடுக்குமாடிகளில், வேறொரு குடும்ப மாற்றம் நடந்தது. கணவன் மனைவி இருவரும் கணினி நிறுவனத்தில் வேலை செய்கிறார்கள், பிள்ளை ஒன்று அல்லது இரண்டு, பெற்றோர் ஊரில் அல்லது அடுத்த அறையில். 2019-21-ல் நடந்த தேசியக் குடும்பநல ஆய்வின்படி தமிழ்நாட்டுப் பெண் ஒருவருக்குச் சராசரியாக 1.8 பிள்ளைகள். படித்த பெண் வேலைக்குப் போனதைத் தமிழ்ச் சமூகம் பெருமையோடு சொல்லிக்கொள்கிறது, சொல்லட்டும். ஆனால் அவர் விட்டுச் சென்ற சமையலும் துடைப்பமும் கணவர் கைக்கு அதிகம் போகவில்லை. போர்டு வீட்டுப் பெண்ணின் கைக்குப் போயின. ஐரோப்பாவிலும் இதற்கு இணை உண்டு. இத்தாலியில் மகள்கள் வேலைக்குப் போனபோது, முதிய பெற்றோரைப் பார்த்துக்கொள்ள உக்ரைனிலிருந்தும் ருமேனியாவிலிருந்தும் பெண்கள் வந்தார்கள். அந்தப் பெண்களின் பிள்ளைகளைச் சொந்த நாட்டில் பாட்டிகள் வளர்த்தார்கள். இத்தாலிக்கும் ருமேனியாவுக்கும் நடுவே நாட்டெல்லைகள் இருந்தன, இங்கே ஒரு சாலைதான்.

வீட்டு வேலை செய்வோருக்குத் தமிழ்நாட்டில் 2007-ல் தனி நல வாரியம் அமைந்தது. 2017-ல் மகப்பேறு விடுப்பை 26 வாரமாக உயர்த்திய மத்தியச் சட்டம் இவர்களை எட்டவில்லை. மாநிலத்தின் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு நிதியுதவிதான் இவர்கள் கைக்கு வந்தது.

அரசு வேறு சில வேலைகளை, அவற்றைப் பராமரிப்பு என்று பெயரிடாமலே, தன் தலையில் எடுத்துக்கொண்டது. 1982-ல் விரிவாக்கப்பட்ட சத்துணவு மதியச் சோற்றை ஏற்றது. 2022 செப்டம்பரில் தொடங்கி, அடுத்த ஆண்டு ஆகஸ்டில் மாநிலமெங்கும் அரசுத் தொடக்கப் பள்ளிகளுக்கு விரிந்த காலை உணவுத் திட்டம் காலைச் சமையலை ஏற்றது. இதைக் கல்வித் திட்டமாகவே எல்லோரும் பேசுகிறார்கள். ஐந்தரை மணிப் பேருந்தைப் பிடிக்கும் தாய்க்கு அது முதலில் அடுப்பிலிருந்து விடுதலை.

2021 மே மாதம் சாதாரணக் கட்டணப் பேருந்துகளில் பெண்களுக்குக் கட்டணமில்லாப் பயணம் வந்தது. இதனால் மிகுந்த பயன் பெற்ற ஊர்களின் பட்டியலில் பெரும்பாக்கத்தை எவரும் தயங்காமல் சேர்க்கலாம். ஆனால் அதற்கு யாரும் எதிர்பாராத ஒரு கணக்கும் உண்டு. மாமனாரை ஓமந்தூரார் மருத்துவமனைக்குக் கூட்டிப்போவது மகன் என்றால் இரண்டு டிக்கெட், மருமகள் என்றால் ஒன்றுதான். கூட்டிப்போவது யார் என்று வீட்டில் பேச்சு வரும்போது அந்த மிச்சமும் பேசும். 2023 செப்டம்பர் 15 அன்று தொடங்கிய மாதம் 1,000 ரூபாய் மகளிர் உரிமைத் தொகையும் இப்படிப்பட்டதே. வீட்டில் செய்யும் கூலியில்லா உழைப்புக்கு ஓர் அங்கீகாரம் என்று அரசு சொன்னது. 'உதவி' என்று பெயர் வைக்காமல் 'உரிமை' என்று வைத்தது சரியான முடிவு. எனினும் அந்த உழைப்பு பெண்ணுடையதே என்பதை அது ஒப்புக்கொண்டுவிட்டது.

ஆண்களின் பங்கு இந்த வரலாற்றில் மெல்லியது. பாரிமுனையில் லோடு ஏற்றியவர், மீன்பாடி வண்டி ஓட்டியவர், பெயிண்டிங் வேலை செய்தவர் எல்லாரும் தூரத்தால் வேலையை இழந்தார்கள், அல்லது வாரத்தில் சில நாள் நகரிலேயே தங்கினார்கள். பெண் வெளியே, ஆண் வீட்டில் என்ற நிலை பல வீடுகளில் தானாகவே உண்டானது. ஆனால் வேலையில்லாமல் வீட்டில் இருப்பவர் பிள்ளையைக் குளிப்பாட்டுபவராக மாறுவது தானாக நடப்பதில்லை. தேசிய அளவில் 2019-ல் எடுத்த நேரப் பயன்பாட்டு ஆய்வில், கூலியில்லா வீட்டு வேலைக்குப் பெண்கள் நாளொன்றுக்கு 299 நிமிடமும் ஆண்கள் 97 நிமிடமும் செலவிட்டதாகத் தெரிந்தது. வீட்டு வேலையில் சிறிதேனும் ஈடுபட்டவர்களின் சராசரி இது.

இந்த மாற்றத்தைச் சட்டத்தால் தூண்டிய நாடுகள் உண்டு. ஸ்வீடன் 1974-லேயே பிள்ளை வளர்ப்பு விடுப்பைத் தாய் தந்தை இருவருக்கும் பொதுவாக்கியது. தந்தையர் அதை அதிகம் எடுக்கவில்லை என்று கண்டபின், 1995-ல் ஒரு மாதத்தை ஒவ்வொரு பெற்றோருக்கும் தனியே ஒதுக்கியது. தந்தை எடுக்காவிட்டால் அவர் பங்கு வீண். அதன் பிறகு அங்கே குழந்தை வண்டியோடு பூங்காவுக்கு வரும் ஆண்கள் பெருகினார்கள். 2019-ல் ஐரோப்பிய ஒன்றியம் தன் உறுப்பு நாடுகள் அனைத்திலும் தந்தைக்குப் பத்து நாள் விடுப்பைக் கட்டாயமாக்கியது. இந்தியாவில் மத்திய அரசு ஊழியருக்கு 15 நாள் தந்தையர் விடுப்பு உண்டு. தனியார் நிறுவன ஊழியருக்கு அதை உறுதி செய்யும் சட்டம் கிடையாது. பெரும்பாக்கத்திலிருந்து நாள்கூலிக்குப் போகும் பெயிண்டருக்குப் பிள்ளை பிறந்தால், வீட்டில் இருக்கும் ஒவ்வொரு நாளும் அவருக்குக் கூலி இல்லாத நாள்.