தயோடிமோலின்

தயோடிமோலின் என்பது அமெரிக்க எழுத்தாளரும் உயிர்வேதியியலாளருமான ஐசக் அசிமோவ் (1920–1992) படைத்த கற்பனைப் படிகப் பொருள். நீரில் கரைவது. ஆனால் நீரை ஊற்றிய பிறகு அல்ல, ஊற்றுவதற்கு 1.12 வினாடி முன்பே கரைந்துவிடும்.

தோற்றம்

1947இல் அசிமோவ் நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் வேதியியல் முனைவர் பட்ட ஆய்வில் இருந்தார். டைரோசினேஸ் என்னும் நொதி, கேட்டகோலின் ஆக்சிஜனேற்றத்துக்கு உதவும்போதே தானும் செயலிழந்துபோவதைப் பற்றிய ஆய்வு அது. சோதனைகளுக்குக் கேட்டகோல் கரைசலைப் புதிதாகத் தயாரிக்க வேண்டும். கேட்டகோல் பஞ்சுபோல் லேசான ஊசிப் படிகங்களாக இருக்கும். நீர்ப்பரப்பைத் தொட்ட மாத்திரத்தில் காணாமல் போகும். கரைதிறன் இன்னும் சற்றுக் கூடினால் தொடுமுன்பே கரைந்துவிடுமே என்று அசிமோவுக்குத் தோன்றியது.

கூடவே ஒரு கவலையும் இருந்தது. ஆய்வேட்டை எழுதத் தொடங்க வேண்டும். பத்திரிகைகளுக்குக் கதை எழுதித் தெளிவான நடை பழகிய கைக்கு, ஆய்வேடுகள் கேட்கும் செயப்பாட்டு வினையும் சுற்றிவளைத்த வாக்கியமும் வருமா? ஒத்திகை பார்ப்பதற்காக ஒரு போலி ஆய்வுக்கட்டுரையை எழுதினார். அட்டவணை, வரைபடம், இல்லாத ஆய்விதழ்களிலிருந்து மேற்கோள் என எதிலும் குறை வைக்கவில்லை. ‘மறுபதங்கமாக்கிய தயோடிமோலினின் அகக்காலப் பண்புகள்’ என்ற பொருள்படும் தலைப்பே மூச்சு முட்டச் செய்யும். இதைச் சிறுகதைப் பட்டியலில் சேர்ப்பது வழக்கமாகிவிட்டது. உண்மையில் இது பகடிக் கட்டுரை. இதில் கதையும் இல்லை, பாத்திரமும் இல்லை.

‘அஸ்டவுண்டிங் சயின்ஸ் ஃபிக்‌ஷன்’ இதழின் ஆசிரியர் ஜான் டபிள்யூ. கேம்பல் கட்டுரையை ஏற்றார். வாய்மொழித் தேர்வு நெருங்கும் நேரம். தேர்வாளர்கள் கண்ணில் பட்டால் வேதியியலைக் கேலி செய்ததாக நினைப்பார்கள் என்று அஞ்சிய அசிமோவ், புனைபெயரில் வெளியிடுமாறு கேட்டுக்கொண்டார். ஆனால் 1948 மார்ச் இதழில் அது அவருடைய சொந்தப் பெயரிலேயே வெளிவந்தது. மறதி என்பார்கள். கேம்பல் அப்படி மறக்கிற ஆசிரியர் அல்லர். கட்டுரையை மெய்யென்று நம்பிய வாசகர்கள் சிலர் நியூயார்க் பொது நூலகத்துக்குப் போய், அதில் மேற்கோள் காட்டிய ஆய்விதழ்களைக் கேட்டிருக்கிறார்கள்.

அதே ஆண்டு மே மாதம் வாய்மொழித் தேர்வு நடந்தது. கேள்விக்கணைகள் ஓய்ந்த கட்டத்தில் பேராசிரியர் ரால்ஃப் ஹால்ஃபோர்டு, தயோடிமோலினின் வெப்ப இயக்கவியல் பண்புகளைப் பற்றிக் கொஞ்சம் சொல்லுமாறு கேட்டார். அசிமோவ் அடக்க முடியாமல் சிரித்துவிட்டார். அவரை வெளியே அழைத்துச் செல்ல வேண்டியதாயிற்று. தோல்வியடையச் செய்யப் போகிற மாணவனிடம் யாரும் வேடிக்கை பேச மாட்டார்கள் என்று அவர் கணித்தது சரியாகவே இருந்தது. சில நிமிடங்களில் தேர்வாளர்கள் வெளியே வந்து ‘டாக்டர் அசிமோவ்’ என்று கைகுலுக்கினர்.

பண்புகள்

கட்டுரையின்படி இது கனிமமன்று. ஒரு புதர்ச்செடியின் பட்டையிலிருந்து பிரித்தெடுப்பது. நீரை விரும்பும் ஹைட்ராக்சில் தொகுதிகள் இதன் மூலக்கூறில் ஏராளம். முன்கூட்டிக் கரைவதற்கான விளக்கம் தொடர்ச்சிகளில் வருகிறது. கார்பன் அணுவின் நான்கு பிணைப்புகளில் ஒன்று எதிர்காலத்துக்குள்ளும் ஒன்று இறந்தகாலத்துக்குள்ளும் நீண்டிருக்கிறதாம். எதிர்காலத்தில் இருக்கும் பகுதி நீரைச் சந்தித்துக் கரையும்போது, மற்றப் பகுதியையும் தன்னோடு இழுத்துக்கொண்டு போகிறது.

நீர் ஊற்றுபவரின் மன உறுதியையும் இப்பொருள் அறியும். உறுதியோடு ஊற்றுபவருக்கு முழு 1.12 வினாடி முன்னதாகக் கரையும். தயங்குபவருக்கு அந்த இடைவெளி சுருங்கும். ஊற்றுவதுபோல் போக்குக் காட்டினால் கரையவே கரையாது. குறி சொல்பவர் செய்கிற வேலையை இங்கே ஒரு சிட்டிகைப் பொடி செய்கிறது.

தொடர்ச்சிகள்

1953இல் வெளிவந்த இரண்டாம் கட்டுரை, மன உறுதியை அளந்து உளநோயைக் கண்டறிய இப்பொருளைப் பயன்படுத்துகிறது. மூன்றாவது (1960) விண்வெளிக் காலத்துக்கு ஏற்றது. ஒரு கலத்தில் தயோடிமோலின் கரைந்ததும் அடுத்த கலத்தில் தானாக நீர் விழும்படி சுமார் 77,000 கலங்களைத் தொடராக இணைத்தால், 1.12 வினாடி ஒரு முழு நாளாக நீளும். ஏவுதல் வென்றால் மட்டுமே நீர் விழும்படி அமைத்தால், ராக்கெட் ஏவுதல் வெற்றியா தோல்வியா என்பதை முந்தைய நாளே அறியலாம். கரைந்த பிறகு நீர் ஊற்றாமல் ஏமாற்ற நினைத்தால் வெள்ளம் வந்தாவது நீரைச் சேர்த்துவிடும் என்பது இக்கட்டுரையின் எச்சரிக்கை. நான்காவது, கேம்பலின் நினைவாக ஹாரி ஹாரிசன் தொகுத்து 1973இல் வெளியான நூலில் இடம்பெற்றது.

அறிவியல் நகைச்சுவை எழுதுவோர் இப்பெயரை இப்போதும் எடுத்தாள்கின்றனர். நான்கிலும் முதலாவதே சிறந்தது. அது 1972இல் வெளியான ‘தி எர்லி அசிமோவ்’ தொகுப்பில் உள்ளது.